இருபது ரூபாய்க் கடை: ஜெரோதாவில் எது மலிவு, எது மலிவில்லை

ஜெரோதா என்ற பங்குத் தரகு நிறுவனத்தை எடைபோட அதன் விலைப்பட்டியலைவிட நல்ல இடம் கான்ட்ராக்ட் நோட்டு. பங்கு வாங்கினாலோ விற்றாலோ அன்று மாலையில், விலையையும் கட்டணங்களையும் பட்டியலிட்டு மின்னஞ்சலில் வரும் பிடிஎஃப் அது. பான் எண்ணைப் பெரிய எழுத்தில் அடித்தால் திறக்கும். பெரும்பாலானோர் அதைத் திறப்பதே இல்லை. "புரோக்கரேஜ் பூஜ்யம்தானே, அதில் என்ன பார்க்க இருக்கிறது?" என்று விட்டுவிடுகிறார்கள். புரோக்கரேஜ் என்றால் தரகுக் கட்டணம்.

பார்க்க நிறைய இருக்கிறது. ரூ.50,000-க்கு ஒரு பங்கை டெலிவரியில், அதாவது அன்றே விற்காமல் டீமேட் என்ற மின்னணுப் பங்குக் கணக்கில் வைத்துக்கொள்ளும்படி வாங்கி, சில மாதம் கழித்து ரூ.55,000-க்கு விற்பதாக வைத்துக்கொள்வோம். புரோக்கரேஜ் இரண்டு முறையும் பூஜ்யம், அதில் பொய்யில்லை. ஆனால் எஸ்டிடி என்ற பங்குப் பரிவர்த்தனை வரி வாங்கும்போது 0.1%, விற்கும்போதும் 0.1%. இரண்டும் சேர்ந்து 105 ரூபாய். வாங்கிய பக்கம் முத்திரைத் தீர்வை 0.015%, அதாவது ஏழரை ரூபாய். என்.எஸ்.இ பங்குச்சந்தையின் பரிவர்த்தனைக் கட்டணம் இரு பக்கமும் சேர்த்து மூன்று ரூபாய்ச் சொச்சம். சந்தையைக் கண்காணிக்கும் செபிக்குப் பத்துப் பைசா. ஜிஎஸ்டி அறுபது பைசாவுக்குள். இவ்வளவும் கான்ட்ராக்ட் நோட்டில் தெரியும். தெரியாத ஒன்று டிபி கட்டணம், அதாவது விற்ற பங்கை டீமேட்டிலிருந்து எடுப்பதற்கான கட்டணம். விற்ற நாளுக்கு, ஒரு நிறுவனப் பங்குக்கு ரூ.15.34 என்று லெட்ஜரில் தனியாகக் கழிப்பார்கள். மொத்தம் ஏறக்குறைய 132 ரூபாய்.

இந்த 132-இல் ஜெரோதாவின் பெட்டிக்குள் விழுவது ஒன்பதரை ரூபாய்தான். டிபி கட்டணத்தில் ரூ.3.50 பங்குகளை மின்னணு வடிவில் காத்து வைக்கும் டெபாசிட்டரியான சிடிஎஸ்எல்லுக்கு, ரூ.2.34 ஜிஎஸ்டி, மீதி இவர்களுக்கு. மற்றதெல்லாம் அரசுக்கும் எக்ஸ்சேஞ்சுக்கும் போகிறது. (இங்கே சொல்லும் விகிதங்கள் 2024 அக்டோபர் மாற்றங்களுக்குப் பிறகு நடைமுறையில் இருந்தவை. பட்ஜெட்டுக்குப் பட்ஜெட் எஸ்டிடி நகரும். பெரிய தொகை போடும் முன் அவர்களுடைய கால்குலேட்டரில் ஒருமுறை தட்டிப் பார்ப்பது நல்லது.)

டிபி கட்டணத்தில் ஒரு நுட்பம் உண்டு. ஒரே பங்கை ஒரே நாளில் பத்துத் தவணையாக விற்றாலும் ரூ.15.34 ஒரு தடவைதான். அதையே தினம் கொஞ்சமாக நான்கு நாள் விற்றால் நான்கு தடவை. ஐநூறு ரூபாய்ப் பங்கை விற்பவருக்கு இது 3% கட்டணம். மாதம் ஐநூறு, ஆயிரம் என்று சிறுகச் சிறுகப் பங்கு வாங்கி, சிறுகச் சிறுகவே விற்பவர்கள் "பூஜ்யக் கட்டணம்" என்ற விளம்பரப் பலகைக்குக் கீழே நின்றுகொண்டு, பழைய புரோக்கரின் சதவீதத்தைவிட அதிக விகிதத்தில் கொடுக்கிறார்கள்.

ஒன்பதரை ரூபாயில் எப்படிக் கடை நடத்துகிறார்கள்? 2023-24 நிதியாண்டில் ஜெரோதாவின் வருவாய் சுமார் 8,320 கோடி, லாபம் சுமார் 4,700 கோடி. இது புரிய, கடையைக் கட்டியவரின் பிழைப்பைக் கொஞ்சம் திரும்பிப் பார்க்க வேண்டும்.

நிதின் காமத் முதலீட்டாளர்களிடம் பணம் திரட்டித் தொழிலில் இறங்கியவர் இல்லை. பதினேழு வயது வாக்கிலேயே டிரேடிங் பழகி, கையில் இருந்ததைச் சந்தையில் விட்டு, இரவில் கால் சென்டர் வேலை, பகலில் சந்தை என்று பெங்களூரில் சில வருடம் ஓட்டியவர். பிறகு பிறருடைய பணத்தை நிர்வகித்தார். 2006-இல் ரிலையன்ஸ் மணியின் சப்-புரோக்கர் ஆனார். சப்-புரோக்கர் என்றால் தரகுக் கடையின் கிளைத் தரகர். வாடிக்கையாளரைப் பிடித்துக் கொடுத்து, அவர் கட்டும் புரோக்கரேஜில் ஒரு பகுதியைப் பெறுபவர். வாடிக்கையாளர் எவ்வளவு அதிகம் புரட்டுகிறாரோ அவ்வளவு வரும்படி.

அந்தக் காலத்து விலை சதவீதத்தில் இருந்தது. பத்தாயிரம் ரூபாய் ஆர்டருக்கும் பத்து லட்ச ரூபாய் ஆர்டருக்கும் புரோக்கரின் கணினி செய்யும் வேலை ஒன்றுதான். கட்டணம் மட்டும் நூறு மடங்கு. பெரிய தொகையை நாள்தோறும் புரட்டும் டிரேடருக்கு இது உறுத்தும். மாதச் சம்பளத்தில் ஆண்டுக்கு நான்கு தடவை பங்கு வாங்குபவருக்கு உறுத்தாது. ஜெரோதா பிறந்தது முதல் ஆளின் உறுத்தலில் இருந்து. ஆர்டருக்கு அதிகபட்சம் 20 ரூபாய், தொகை எவ்வளவாக இருந்தாலும். பூஜ்யம் என்பதோடு தடை என்று பொருள்படும் 'ரோத' என்ற வடசொல்லைச் சேர்த்துப் பெயர். 2010 ஆகஸ்ட் 15-ஆம் தேதி, தம்பி நிகில் காமத்தோடு சேர்ந்து கடை திறந்தது. டெலிவரியை இலவசமாக்கியது ஐந்து வருடம் கழித்து, 2015 டிசம்பரில்தான். அதுவரை டெலிவரிக்கும் இருபது ரூபாய்.

ஆக, இது டிரேடர் ஒருவர் தன் வலிக்குக் கட்டிக்கொண்ட கடை. அவருக்கு எங்கே வலித்ததோ அங்கே சேவை வெண்ணெய்போல வழுக்கிக்கொண்டு போகும். அவருக்கு எங்கே வலிக்கவே இல்லையோ, அங்கே உங்களுக்கு வலிக்கும்.

வழுக்கும் இடம் முதலில். கைட் செயலியும் இணையதளமும்.

ஆரம்ப வருடங்களில் ஜெரோதாவுக்குச் சொந்த மென்பொருள் கிடையாது. என்.எஸ்.இ இலவசமாகக் கொடுத்த நவ் என்ற டெர்மினல் இருந்ததால்தான் பெரிய முதல் இல்லாமல் கடையைத் தொடங்கவே முடிந்தது. 2013-இல் கைலாஷ் நாத் தொழில்நுட்பத்தைக் கையில் எடுத்தார். 2015-இல் கைட் வந்தது. கணினியில் நிறுவும் கனமான பழைய டெர்மினலைப் பிரவுசருக்குள் கொண்டுவந்ததுதான் அதன் சாதனை. இன்றும் மெதுவான மொபைல் இணைப்பில் அது சட்டென்று திறக்கும். நீல நிறம் வாங்க, சிவப்பு விற்க. பேனர் இல்லை, "இன்றே வாங்குங்கள்" என்று விடாமல் மணியடிக்கும் அறிவிப்பு இல்லை. போட்டிக் கடைகளின் முகப்பில் வண்ண வண்ணமாகக் கடன், ஐபிஓ, தங்கக் காசு எல்லாம் குதிப்பதைப் பார்த்துவிட்டு இங்கே வந்தால் கோயில் பிரகாரத்துக்குள் நுழைந்த மாதிரி இருக்கும். இந்த அடக்கம் கொள்கையாகவே வைத்திருப்பது. அதற்கு முழு மதிப்பெண்.

டிரேடருக்குத் தேவையான கருவிகளும் ஒழுங்காக இருக்கின்றன. சார்ட்டில் டிரேடிங்வியூ, சார்ட்ஐக்யூ இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம். பல ஆர்டர்களைக் கோத்து ஒரே நேரத்தில் அனுப்பும் பாஸ்கெட் உண்டு. அதில் போட்டுப் பார்த்தால் மார்ஜின், அதாவது பிணைப்பணம் எவ்வளவு பிடிப்பார்கள் என்று ஆர்டர் போகும் முன்பே தெரியும். ஜெரோதாவின் கணக்கு, அறிக்கைத் தளமான கன்சோலில் 'கில் ஸ்விட்ச்' என்று ஒரு வசதி இருக்கிறது. நஷ்டத்தில் கை நடுங்கும் நேரத்தில் எஃப் அண்ட் ஓ (ஃப்யூச்சர், ஆப்ஷன் ஒப்பந்தங்கள்) போன்ற ஒரு பிரிவை நீங்களே பூட்டிவிடலாம். பூட்டினால் 12 மணி நேரத்துக்குத் திறக்க முடியாது. நஷ்டத்தைத் துரத்தித் துரத்தி டிரேட் போட்ட அனுபவம் உள்ளவருக்குத்தான் இப்படி ஒரு பூட்டு தோன்றும். புதியவர்கள் கண்ணில் படாத மூலையில் இதை வைத்திருப்பது மட்டும் குறை.

இனி வலிக்கும் இடங்கள். இவை ஜெரோதாவுக்கு மட்டுமே உரியவை அல்ல. பல விதிகள் செபியும் டெபாசிட்டரியும் போட்டவை, எல்லாப் புரோக்கரிடமும் உண்டு. ஆனால் சொல்லித்தர ஆள் வைத்திருக்கும் கடைக்கும், "உதவிப் பக்கத்தில் எழுதியிருக்கிறதே" என்று சொல்லும் கடைக்கும் வித்தியாசம் இருக்கிறது. ஜெரோதா இரண்டாவது வகை.

கணக்குத் திறப்பு வீட்டிலிருந்தே முடியும். பான், ஆதாரோடு இணைந்த மொபைல் எண், வங்கி விவரம், வெள்ளைத்தாளில் கையெழுத்து, முகத்தைக் காட்டி ஒரு படம், கடைசியில் ஆதார் ஓடிபி மூலம் மின்கையொப்பம். விண்ணப்பம் திரும்பி வருவதற்குப் பெரும்பாலும் மூன்றே காரணம்: பென்சிலிலோ ஸ்கெட்ச் பேனாவிலோ போட்ட கையெழுத்து, ஆதாரில் பழைய மொபைல் எண், பான் அட்டையிலும் ஆதாரிலும் வேறு வேறாக இருக்கும் பெயர். நம் ஊர் இனிஷியல்தான் இந்த மூன்றாவதில் முதல் எதிரி. அப்பா பெயர் ஒன்றில் முன்னாலும் இன்னொன்றில் பின்னாலும் இருந்தால், முதலில் அதைத் திருத்திவிட்டு வாருங்கள். எஃப் அண்ட் ஓ பிரிவுக்கு வருமானச் சான்று கேட்பார்கள். பங்கு மட்டும் வாங்குபவர் அதைக் கொடுக்கத் தேவையில்லை, கொடுக்காமல் இருப்பதே நல்லது. பூட்டிய கதவு அப்படியே இருக்கட்டும்.

பணம் போடும்போது யுபிஐ மூலம் போடுங்கள், இலவசம். நெட்பேங்கிங் கேட்வே வழியாகப் போனால் ஒவ்வொரு தடவையும் 9 ரூபாயும் ஜிஎஸ்டியும்.

முதல் ஆர்டரிலேயே பலர் வழுக்கும் இடம், இன்ட்ராடேயா (வாங்கியதை அன்றே விற்பது) நீண்டகாலமா என்ற தேர்வு. இன்ட்ராடேயில் விலையில் ஐந்தில் ஒரு பாகம் பணம் இருந்தாலே வாங்க விடும் என்பதால், "பத்தாயிரத்துக்கு ஐம்பதாயிரம் ரூபாய்ப் பங்கு கிடைத்ததே" என்று மகிழ்ச்சியாக இருக்கும். மதியம் சுமார் 3:20 தாண்டியதும் மென்பொருள் தானாக விற்றுவிடும். அதற்கு 50 ரூபாயும் ஜிஎஸ்டியும் தனிக் கட்டணம். தவறு புரிந்ததும் விற்க வேண்டியதில்லை. பொசிஷன்ஸ் பக்கத்தில் அந்தப் பங்கைத் தட்டி 'கன்வர்ட்' கொடுத்தால் டெலிவரியாக மாறும். முழுத் தொகையும் கணக்கில் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

விற்றுவிட்டு மாலையில் திரும்ப வாங்கும் இன்ட்ராடே ஷார்ட் இன்னும் ஆபத்து. விற்ற பங்கு மேல் சர்க்யூட்டில், அதாவது அன்றைக்கு அனுமதித்த உச்ச விலையில் போய் நின்றுவிட்டால் நமக்கு விற்க ஆளே கிடைக்க மாட்டார், மென்பொருளாலும் மூட முடியாது. அது ஏலத்துக்குப் போகும். ஏல விலை மறுநாள் சந்தை விலையைவிட மிக அதிகமாக முடியலாம். சிறிய நிறுவனப் பங்குகளில் ஷார்ட் போகாதே என்று அனுபவசாலிகள் சொல்வது இதனால்தான்.

அடுத்தது டி-பின். 2020-க்குப் பிறகு கணக்குத் திறந்த பலருக்கும் முதல் விற்பனையில் கிடைக்கும் அதிர்ச்சி இது. பங்கை விற்க நினைத்தால் சிடிஎஸ்எல் பக்கத்துக்குத் தூக்கிக்கொண்டு போகும்; ஆறு இலக்க டி-பின், அதன்மேல் ஓடிபி. நோக்கம் சரியானது; உங்கள் அனுமதி இல்லாமல் புரோக்கர் பங்கை நகர்த்த முடியாது. சிக்கல் இரண்டு. ஓடிபி தாமதமாக வரும் நாள்தான் சந்தை வேகமாக விழும் நாளாகவும் இருக்கும். இரண்டாவது, ஜிடிடி.

ஜிடிடி என்பது, "இந்தப் பங்கு 450-க்கு வந்தால் விற்றுவிடு" என்று ஒரு வருடம் வரை போட்டு வைக்கும் ஆணை. வேலைக்குப் போகும் முதலீட்டாளருக்கு இந்தச் செயலியில் இதைவிடப் பயனுள்ள வசதி இல்லை. ஆனால் விலை தொட்டவுடன் பங்கு விற்றுவிடும் என்று நினைப்பது தவறு. விலை தொட்டவுடன் ஒரு லிமிட் ஆர்டர் (இந்த விலைக்குக் கீழே விற்காதே என்னும் ஆர்டர்) எக்ஸ்சேஞ்சுக்குப் போகும், அவ்வளவுதான். அன்று டி-பின் அனுமதி கொடுக்கவில்லை என்றால் அந்த ஆர்டர் நிராகரிக்கப்படலாம். அனுமதி இருந்தாலும், நேற்று 460-இல் முடிந்த பங்கு இன்று காலை 442-இல் திறந்தால், 448 லிமிட் போட்ட ஆர்டர் விற்காமல் தொங்கும். விழுகிற பங்கில் இருந்து வெளியேறப் போட்ட ஆணை, விழும்போது வேலை செய்யாமல் போவது இப்படித்தான்.

மருந்து இரண்டு. ஒன்று, டிடிபிஐ படிவத்தை ஆன்லைனில் கொடுத்துவிடுவது. 2022 நவம்பரில் பழைய பவர் ஆஃப் அட்டர்னிக்குப் பதிலாக வந்த வரையறுக்கப்பட்ட அதிகாரம் இது; 100 ரூபாயும் ஜிஎஸ்டியும், ஆக 118. அதன்பிறகு டி-பின் தொல்லை இல்லை. இரண்டு, விற்கும் ஜிடிடியில் லிமிட் விலையை டிரிகர் விலையைவிட (ஆணையைக் கிளப்பும் அந்த 450-ஐவிட) 2 முதல் 3% கீழே வைப்பது. சந்தையில் அதைவிட நல்ல விலை இருந்தால் அந்த விலைக்கே விற்கும், நஷ்டமில்லை.

போனஸ், பங்குப் பிரிப்பு வந்தால் பழைய ஜிடிடியின் விலை பொருளற்றதாகிவிடும். அந்தத் தேதிகளை ஒட்டி ஒருமுறை பட்டியலைத் திறந்து பாருங்கள்.

கேட்காமலேயே வங்கிக்குத் திரும்பி வரும் பணம் இன்னொரு குழப்பம். கணக்கில் சும்மா கிடக்கும் தொகையை மாதத்துக்கோ காலாண்டுக்கோ ஒருமுறை வாடிக்கையாளரின் வங்கிக்கே அனுப்பிவிட வேண்டும் என்பது செபி விதி. பெரும்பாலும் முதல் வெள்ளியை ஒட்டி நடக்கும். திருட்டுமில்லை, தவறுமில்லை. ஆனால் திங்கட்கிழமை வாங்க வைத்திருந்த பணம் காணாமல் போனால் திடுக்கிடத்தான் செய்யும்.

இப்போது உண்மையான கல்லாப்பெட்டிக்கு வருவோம்.

டெலிவரி இலவசம் என்றால் யாரோ அதற்குக் காசு கொடுக்கிறார்கள். கொடுப்பவர் ஆப்ஷன் டிரேடர். ஆப்ஷன் என்பது, ஒரு பங்கையோ குறியீட்டையோ குறித்த விலைக்கு வாங்கவோ விற்கவோ உள்ள உரிமை; அதற்குக் கொடுக்கும் விலை பிரீமியம். ஒரு ஆப்ஷனை வாங்கி விற்றால் இரண்டு ஆர்டர், 40 ரூபாய். பத்தாயிரம் ரூபாய் பிரீமியத்தில் எஸ்டிடி, பரிவர்த்தனைக் கட்டணம், ஜிஎஸ்டி எல்லாம் சேர்த்து ஒரு சுற்றுக்கு 65, 70 ரூபாய் ஆகும். நாளுக்குப் பத்துச் சுற்று, மாதத்துக்கு இருபது நாள் என்றால் பதின்மூன்றாயிரத்தைத் தாண்டும். லாபமா நஷ்டமா என்பதற்கு முன்பே போகிற காசு இது. பிரீமியம் சிறியதாக இருந்தால் இன்னும் மோசம்: லாட் (ஒரே கட்டாக வாங்க வேண்டிய அளவு) ஒன்றுக்கு அறுநூறு ரூபாய் ஆப்ஷனை வாங்கி விற்க நாற்பது ரூபாய் என்றால், வரிக்கு முன்பே 6 முதல் 7% போச்சு. பத்து லட்சம் புரட்டிய டிரேடருக்கு வரமாக வந்த அதே இருபது ரூபாய், ஆயிரம் ரூபாயோடு வருபவருக்குச் சாபம். பெரிய ஆர்டரை எக்ஸ்சேஞ்சின் அளவு வரம்பு காரணமாகத் துண்டு போட்டாலும், அதைத் தானாகத் துண்டாக்கும் ஐஸ்பெர்க் ஆர்டர் போட்டாலும், ஒவ்வொரு துண்டுக்கும் தனித்தனி இருபது என்பதையும் கணக்கில் வையுங்கள்.

செபி 2024 செப்டம்பரில் வெளியிட்ட ஆய்வு, 2021-22 முதல் 2023-24 வரையிலான மூன்று நிதியாண்டுகளில் எஃப் அண்ட் ஓ-வில் இறங்கிய தனிநபர்களில் 93 சதவீதம் பேர் நஷ்டப்பட்டதாகச் சொன்னது. மொத்த நஷ்டம் 1.8 லட்சம் கோடிக்கு மேல். இதை மறைக்கும் கடை இல்லை ஜெரோதா. எஃப் அண்ட் ஓ பக்கத்தைத் திறக்கும்போதே இந்த எச்சரிக்கை வரும், அவர்களுடைய பாடத் தளமான வர்சிட்டியில் பாடமே இருக்கிறது. டிரேடிங்கில் அடிபட்ட நிறுவனர் இதை மனசாரவே சொல்கிறார் என்று எடுத்துக்கொள்ளலாம். அதே நேரம், எச்சரிக்கையை மீறி உள்ளே வருபவரின் இருபது ரூபாயில்தான் நம் டெலிவரி இலவசமாக ஓடுகிறது. டாஸ்மாக் பாட்டிலில் அச்சடித்த வாசகம் நினைவுக்கு வந்தால் தவறில்லை.

அந்தக் கல்லா ஒரு தடவை ஆட்டம் கண்டது. புரட்டும் அளவு கூடக்கூட எக்ஸ்சேஞ்சு புரோக்கர்களுக்குக் கட்டணத்தில் கழிவு கொடுத்துவந்தது; வாடிக்கையாளரிடம் வாங்கியதற்கும் எக்ஸ்சேஞ்சுக்குக் கட்டியதற்கும் உள்ள வித்தியாசம் புரோக்கருக்குத் தங்கியது. 2024 ஜூலையில் செபி அதை ஒழித்தது, அக்டோபர் 1 முதல் அமல். டெலிவரிக்குக் கட்டணம் வரலாம் என்று நிதின் காமத் அப்போதே கோடிகாட்டினார். அக்டோபர் வந்தபோது இலவசம் தொடரும் என்றார்கள். அதன்பின் மார்ஜின் டிரேடிங், அதாவது கடனுக்குப் பங்கு வாங்கும் வசதி வந்தது. வட்டி நாளுக்கு 0.04%. கேட்க அற்பமாக இருக்கும், ஆண்டுக்கு 14.6%. பல வருடம் இந்தக் கடையில் இல்லாமல் இருந்த சரக்கு. இல்லாத காலமே நன்றாக இருந்தது.

நிறுவனப் பங்குகளின் ஆப்ஷனில் ஒரு பள்ளத்தைத் தனியாகச் சொல்லியாக வேண்டும். 2019 அக்டோபரிலிருந்து இவை எல்லாமே காலாவதி நாளில் பணமாக அல்ல, பங்காகத் தீர்க்கப்படுகின்றன. எட்டாயிரம் ரூபாய் கொடுத்து வாங்கிய 'கால்' ஆப்ஷன் (வாங்கும் உரிமை) லாபத்தில் நின்று, அதை மூடாமல் விட்டால், முழு லாட்டையும் வாங்கப் பல லட்ச ரூபாய் கட்ட வேண்டிய பொறுப்பு வரும். காலாவதிக்குச் சில நாள் முன்பிருந்தே மார்ஜின் ஏறத் தொடங்கும். பணம் இல்லையென்றால் அவர்களே மூடுவார்கள், அவர்களுக்குக் கிடைத்த விலையில். காலாவதி வாரத்துக்குள் வெளியே வந்துவிடுவதே வழி.

சேவை தடைபடும் நாட்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். சந்தை தாறுமாறாக ஆடும் காலைகளில் இந்தியாவின் பெரிய புரோக்கர் செயலிகள் எல்லாமே எப்போதாவது முடங்கியிருக்கின்றன. 2021 பிப்ரவரி 24-இல் என்.எஸ்.இ-யே முன்பகல் 11:40-க்கு நின்றது. பல புரோக்கர்கள் வாடிக்கையாளரின் இன்ட்ராடே பொசிஷனை இன்னொரு சந்தையான பி.எஸ்.இ-யில் மூடிய பிறகு, 3:45-க்குத் திரும்பத் திறந்து 5 மணி வரை ஓடியது. மூடப்பட்ட விலையில் நஷ்டம் கண்டவர்கள் புலம்பியதுதான் மிச்சம். இதற்குக் காமத்தே வெளிப்படையாகச் சொல்லும் யோசனை, வேறொரு புரோக்கரிடம் இன்னொரு கணக்கு வைத்துக்கொள்வது. இங்கே வாங்கிய நிஃப்டி ஃப்யூச்சரை இங்கே விற்க முடியாவிட்டால் அங்கே அதே அளவு விற்றுச் சமன் செய்யலாம். டிரேடருக்கு நியாயமான யோசனை. பங்கை மட்டும் வைத்திருப்பவருக்கு உதவாது. டீமேட்டில் இருப்பதை அடுத்த கடையில் விற்க முடியாது. தொலைபேசியில் ஆர்டர் கொடுக்கும் டெஸ்க் உண்டு, ஆர்டருக்கு 50 ரூபாயும் ஜிஎஸ்டியும். எண்ணை முன்கூட்டியே சேமித்து வைக்காவிட்டால் அந்த நேரத்தில் தேடிக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

மற்ற நாட்களிலும் ஆதரவு என்பது பெரும்பாலும் டிக்கெட்தான், அதாவது இணையத்தில் எழுதிப் பதியும் கேள்வி. பதில் வரும், பெரும்பாலும் சரியாகவும் வரும். ஆனால் "அண்ணே, இந்தப் பங்கு என்ன ஆச்சு?" என்று கேட்கப் பக்கத்துத் தெருவில் ஆள் கிடையாது. எதை வாங்கலாம் என்று சொல்லவும் மாட்டார்கள். சப்-புரோக்கராக இருந்தவர், அந்த ஆளையே கணக்கிலிருந்து எடுத்துவிட்டுத்தான் விலையை இறக்கினார். அறுபது வயது அப்பாவுக்குக் கணக்குத் திறந்து கொடுப்பவர்கள், அந்த ஆளாக இனி நீங்கள்தான் இருக்கப் போகிறீர்கள் என்று தெரிந்தே திறக்க வேண்டும்.

மியூச்சுவல் ஃபண்டுக்கு காயின். 2017-இல் மாதம் 50 ரூபாய்ச் சந்தாவோடு வந்தது, மறுவருடமே இலவசமானது. டைரக்ட் திட்டங்கள் மட்டுமே, கமிஷன் கிடையாது. யூனிட்டுகள் டீமேட்டில் நிற்பதுதான் இதன் குணமும் குறையும். பங்கும் ஃபண்டும் ஒரே இடத்தில், கடனுக்கு அடகு வைக்கலாம், நாமினி ஒன்றே. ஆனால் புரோக்கரை மாற்ற நினைத்தால் ஃபண்டையும் டீமேட்டோடு தூக்கிக்கொண்டு போக வேண்டும். ஃபண்டு மட்டுமே போதும் என்பவருக்கு ஃபண்டு நிறுவனத்தின் சொந்தத் தளமே போதும், டீமேட் எதற்கு?

கன்சோலின் வரி அறிக்கை இந்தக் கடையின் தங்கம். குறுகியகால லாபம், நீண்டகால லாபம், இன்ட்ராடே, எஃப் அண்ட் ஓ எல்லாம் தனித்தனித் தாளாக எக்செல்லில் வரும். ஆடிட்டர் கேள்வி கேட்காமல் வாங்கிக்கொள்வார். ஒரே இடத்தில் கவனம் தேவை. வேறு புரோக்கரிடமிருந்து மாற்றிய பங்குக்கும், பரிசாக வந்த பங்குக்கும், பல ஐபிஓ பங்குகளுக்கும் வாங்கிய விலையை நீங்கள்தான் கன்சோலில் பதிய வேண்டியிருக்கும். பதியாவிட்டால் லாபக் கணக்கே தப்பாகும். 2018 ஜனவரி 31-க்கு முன் வாங்கியவற்றுக்கு அன்றைய விலையையும் சரிபாருங்கள். எஃப் அண்ட் ஓ தொட்டவர் பொதுவாக ஐடிஆர்-3 என்ற வருமான வரிப் படிவம் போட வேண்டும். நஷ்டமாக இருந்தால் கெடுவுக்குள் போட்டால்தான் எட்டு வருடம் சுமந்து செல்லலாம்.

இந்தக் கடையைப் பார்த்து அதேபோல் ஒன்றைக் கட்டலாம் என்று நினைக்கும் ஸ்டார்ட்அப் தம்பிகளும் தங்கைகளும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். காமத்தின் பயணத்தில் எடுத்துக்கொள்ளக் கூடியதும் கூடாததும் கலந்து கிடக்கின்றன. வெளியாரிடம் முதலீடு வாங்காதது, விளம்பரத்துக்குச் செலவிடாமல் வாடிக்கையாளர் வாய்வழியாக வளர்ந்தது, முப்பது சொச்சம் பேர் மட்டுமே உள்ள தொழில்நுட்பக் குழு, இவை பழக்கம் சார்ந்தவை, பழகலாம். ஆனால் 2010-இல் டெர்மினலை எக்ஸ்சேஞ்சே இலவசமாகக் கொடுத்தது, கத்தை கத்தையாகக் கையெழுத்துப் போட்டுக் கூரியரில் அனுப்பிய விண்ணப்பத்தை ஆதார் மின்கையொப்பம் சில நிமிட வேலையாக்கியது, 2020 ஊரடங்கில் நாடே டீமேட் திறந்தது, இவை மூன்றும் திரும்ப வராது. போட்டிச் செயலியான குரோ 2016-இல் முதலீட்டாளர் பணத்தோடு, டிரேடரை விட்டுவிட்டு ஃபண்டு வாங்கும் புதியவரை நோக்கி வந்தது. 2023-இல் செயலில் உள்ள வாடிக்கையாளர் எண்ணிக்கையில் ஜெரோதாவைத் தாண்டியும் விட்டது. ஜெரோதா திறந்து வைத்திருந்த ஓட்டை அதுதான்: கடை டிரேடருக்குக் கட்டியது, ஊர் முதலீட்டாளரால் நிரம்பியிருந்தது.

கடைசியாகப் பராமரிப்புக் கட்டணம். சாதாரண டீமேட்டுக்கு ஆண்டுக்கு 300 ரூபாயும் ஜிஎஸ்டியும், காலாண்டுக்கு ரூ.88.50 என்று லெட்ஜரில் விழும். நாடு முழுவதும் உங்கள் பெயரில் இது ஒன்றே டீமேட்டாக இருந்து, இருப்பு மதிப்பு 4 லட்சத்துக்குள் இருந்தால், அடிப்படைச் சேவைக் கணக்கு என்ற வகையில் கட்டணமே இல்லை. 4 முதல் 10 லட்சம் வரை நூறு ரூபாய். இலவசமாகத் திறக்கிறார்கள் என்று நான்கு செயலியில் நான்கு டீமேட் திறந்தவர்களுக்கு இந்தச் சலுகை போய்விடும். பயன்படுத்தாததை மூடுங்கள். மூடக் கட்டணம் இல்லை, ஆன்லைனிலேயே முடியும். பங்கு, யூனிட் எதுவும் மிச்சமிருக்கக் கூடாது, லெட்ஜர் மைனஸில் இருக்கக் கூடாது. மூடல் கோரிக்கை திரும்பி வந்தால், எப்போதோ விழுந்த அந்த 88 ரூபாய் 50 பைசாவைத்தான் முதலில் தேடிப் பாருங்கள்.